கனடா டிஸ்க்கா, லண்டன் டிஸ்க்கா, ஜப்பான் டிஸ்க்கா: கிரான் டூரிஸ்மோ 2 எதை எடுக்கிறது?

திருகோணமலையில பாதி வீட்டுக்கு கனடாவில ஒரு மாமா இல்லாட்டி லண்டன்ல ஒரு சித்தி இருப்பினம், அதால எங்கட ஆக்கள் பழைய பிளேஸ்டேஷன் டிஸ்க் தேடினா முதல் கேள்வி விலை இல்லை, எந்த நாட்டில இருந்து எடுப்பிக்கிறது எண்டுறதுதான். உப்புவெளியில இருக்கிற என்ட சித்தப்பாட மகனும் போன மாசம் இதைத்தான் கேட்டான். கிரான் டூரிஸ்மோ 2 எண்ட பிளேஸ்டேஷன் 1 கார் ரேஸ் கேம் வேணுமாம், ஒரிஜினல்தான் வேணுமாம், கொப்பி வேண்டாமாம். கனடா மாமா ஆகஸ்ட் லீவுக்கு வாறார், லண்டன் சித்தி எப்பிடியும் வருசத்துக்கு ஒரு பார்சல் போடுவா, அவன்ட கூட்டாளி ஒருத்தன் ஜப்பான்ல வேலை செய்யிறான். "எல்லாம் ஒரே கேம்தானே அண்ணா, எது லேசோ அதை எடுப்பம்" எண்டான். ஒரே கேம் இல்லைடா தம்பி. வொய்ஸ் மெசேஜ்ல சொல்லி முடியிற விசயமும் இல்லை, இதே கேள்வியோட இன்னும் நாலு பேர் இருக்கினம், அதான் எழுதியே போடுறன்.

முதல்ல திகதியைப் பாருங்கோ, ஏனெண்டா பிறகு சொல்லப்போற கனக்க விசயம் இதில இருந்துதான் வருது. ஜப்பான்ல 1999 டிசம்பர் 11 வெளிய வந்தது. அமெரிக்காவுக்கும் கனடாவுக்கும் டிசம்பர் 23, அதாவது நத்தாருக்கு ரெண்டு நாள் முதல். ஐரோப்பாவுக்கு 2000 ஜனவரி 28. செய்தது பொலிஃபனி டிஜிட்டல், கசுனோரி யமவுச்சிட ஆக்கள். ரெண்டு டிஸ்க், ஒண்டு ஆர்கேட், மற்றது லைசன்ஸ் எடுத்து கார் வாங்கி ரேஸ் ஓடி காசு சேர்க்கிற பெரிய டிஸ்க். 600க்கு மேல கார். அந்தக் காலத்தில ஒரு கேம்ல இவ்வளவு காரை யாரும் கண்டதில்லை, இண்டைக்கும் கனக்க கேம்ல இல்லை.

சரி, இப்ப டிஸ்க்கை விட்டிட்டு டிவிக்கு கீழ இருக்கிற பெட்டியைத் திருப்பிப் பாருங்கோ. அடியில எஸ்சிபிஎச் எண்டு போட்டு ஒரு நம்பர் இருக்கும். கடைசி இலக்கம் 0 எண்டா ஜப்பான் மெசின், 1 எண்டா அமெரிக்கா, 2 எண்டா ஐரோப்பா, 3 எண்டா ஆசியாவுக்கு விட்டது, அதில ஜப்பான் டிஸ்க்தான் ஓடும். ஒரிஜினல் டிஸ்க்கிட உள் விளிம்பில கண்ணுக்குத் தெரியாத ஒரு சின்ன நெளிவு இருக்கு, அதுக்குள்ள நாலு எழுத்து ஒளிஞ்சிருக்கு, ஜப்பானுக்கு ஒண்டு, அமெரிக்காவுக்கு ஒண்டு, ஐரோப்பாவுக்கு ஒண்டு. மெசின் அதை வாசிச்சுப் பாத்து தன்ட நாட்டு எழுத்து இல்லையெண்டா ஓட விடாது. வீட்டில ரைட் பண்ணுற சீடியில அந்த நெளிவு வராது, அதாலதான் கொப்பி டிஸ்க்கும் ஓடாது. சிப் அடிக்கிறது எண்டு சொன்னாங்களே, அந்தச் சிப் செய்யிற வேலை வேற ஒண்டும் இல்லை, டிஸ்க் சொல்லவேண்டிய அந்த நாலு எழுத்தை தானே மெசினுக்கு சொல்லிக் குடுக்கிறது.

எங்கட ஊரில அந்தக் காலத்தில ஓடின மெசின் எல்லாம் கிட்டத்தட்ட சிப் அடிச்சதுதான், அப்ப எந்த நாட்டு டிஸ்க் எண்டு ஒருத்தரும் பாக்கேல்லை, கடையில பிளாஸ்டிக் கவருக்குள்ள என்ன இருந்ததோ அதை வாங்கி ஓடினது. ஆனா தம்பிட மெசின் லண்டன்ல இருந்து வந்த வெள்ளை நிற சின்ன பிஎஸ் வன், நம்பர் 102, யாரும் திறந்தே பாக்காதது. அப்பிடியெண்டா அதுக்கு லண்டன் டிஸ்க் மட்டும்தான். சிப் அடிக்கத் தெரிஞ்ச பெடியள் எல்லாம் இப்ப போன் ரிப்பேருக்கு மாறியிட்டாங்கள், கொழும்புக்கு அனுப்பினாலும் போன மெசின் முழுசாத் திரும்பி வருமோ எண்டு ஒரு பயம். சிப் இல்லாமலும் ஒரு வழி இருக்கு, டோனிஹாக்ஸ் எண்டு ஒரு சொஃப்ட்வெயார், மெமரி காட்டில ஏத்தி அதில இருந்து மெசினிட பூட்டைத் திறக்கிறது. ஐரோப்பா, அமெரிக்கா மெசின்ல அதுக்கெண்டே உள்ளுக்குள்ள ஒளிச்சு வைச்ச கட்டளை இருக்கிறதால லேசா வேலை செய்யும். மெமரி காட்டில அதை எழுதிற சாமான் தேடுறதுதான் கொஞ்சம் வில்லங்கம்.

பூட்டு திறந்தா அடுத்த தலையிடி கலர். இலங்கை டிவி பால் (PAL) எண்டுற ஒளிபரப்பு முறை, செக்கனுக்கு 50 தரம் படம் மாறும். லண்டனும் அப்பிடித்தான். அமெரிக்கா, கனடா, ஜப்பான் மூண்டும் என்டிஎஸ்சி (NTSC) எண்டுற மற்ற முறை, 60 தரம். பால் மெசின்ல கனடா டிஸ்க்கைப் போட்டு மஞ்சள் வயரால டிவிக்குக் குடுத்தா கன டிவியில படம் கறுப்பு வெள்ளையா வரும், ஏனெண்டா மெசின் அனுப்புற கலர் சிக்னல் ரெண்டு முறைக்கும் சரியாப் பொருந்தாம நடுவில நிக்கும். கலரைத் தனித்தனியா அனுப்புற ஆர்ஜிபி வயர் போட்டா அந்தப் பிரச்சினை இல்லை, ஆனா அது குத்துற ஓட்டை எங்கட டிவியில கனக்க இராது. சவூதி, கட்டார்ல இருந்து வந்த பழைய சோனி ட்ரினிட்ரன் டிவி இன்னும் வீட்டில கிடந்தா எறிஞ்சிடாதையுங்கோ, அதுகள் மல்டி சிஸ்டம், எதைக் குடுத்தாலும் எப்பிடியாவது கலரோட காட்டப் பாக்கும்.

இப்ப 50க்கும் 60க்கும் என்ன பெரிய வித்தியாசம் எண்டு கேப்பீங்கள். 60க்கு செய்த கேமை அக்கறை இல்லாம 50க்கு மாத்தினா எல்லாம் ஆறில ஒரு பங்கு மெதுவா ஓடும், மேலயும் கீழயும் கறுப்புப் பட்டி விழும், கார் சப்பளிஞ்ச மாதிரி இருக்கும். 2018 டிசம்பர்ல சோனி பிளேஸ்டேஷன் கிளாசிக் எண்டு சின்னப் பெட்டி விட்டுது, அதில 20 கேம்ல 9 கேம் பால் வேர்ஷன், டெக்கன் 3 உட்பட, அதுக்கு உலகம் முழுக்க ஆக்கள் பேசின பேச்சு கொஞ்ச நஞ்சம் இல்லை. கிரான் டூரிஸ்மோ 2 அந்தளவு மோசம் இல்லை. கார் ஊர்ந்து போற மாதிரி எனக்கு ஒருநாளும் தெரியேல்லை. ஆனா என்டிஎஸ்சியில செக்கனுக்கு 30 படம் ஓடுறது இதில 25 ஆகுது. நேர் ரோட்டில தெரியாது. லைசன்ஸ் டெஸ்ட்ல தெரியும். முதல் டெஸ்ட்டே நேர ஓடிப் போய் குறிச்ச பெட்டிக்குள்ள நிப்பாட்டுறது, பெருக்கல் பட்டனை விட்டு சதுரத்தை அமத்துற அந்தக் கணம்தான் எல்லாம், தங்கத்துக்கும் வெள்ளிக்கும் இடையில வித்தியாசம் செக்கன்ட சின்னத் துண்டுதான், அங்க படம் ஒண்டு பிந்தி வந்தா கையும் பிந்தும். பால்ல மட்டும் பழகினவனுக்கு இது ஒரு குறையாவே தெரியாது, அதையும் சொல்லத்தான் வேணும்.

கனடா டிஸ்க் எண்டா அமெரிக்க வேர்ஷன்தான். இங்கிலீஷ், 60, எல்லாம் வடிவா விளங்கும். ஆனா நத்தாருக்கு முதல் விக்கோணும் எண்டு அவசரமா விட்டதில முதல் அச்சில ஒரு பிழை, என்னதான் ஓடினாலும் 98.2 வீதத்துக்கு மேல முடிக்க ஏலாது. எல்லாக் கப்பையும் எடுத்து, எல்லா லைசன்ஸையும் எடுத்து, 98.2 எண்டு நிண்டா விசர் வருமா வராதா. சோனி பிறகு டிஸ்க் மாத்திக் குடுத்தது. இதை விட காராஜில இருந்த கார் காணாமப் போற கதையும் அந்த முதல் அச்சுக்காரர்தான் சொல்லுறவை. ஆகவே மாமாட்ட சொல்லுறதெண்டா கிரேட்டஸ்ட் ஹிட்ஸ் எண்டு பச்சைக் கோடு போட்ட பெட்டியைப் பாத்து எடுக்கச் சொல்லுங்கோ, அது பிந்தி அடிச்சது. வேற என்ன, வேகம் மைல்ல காட்டும், கிலோமீற்றர்ல வளந்த எங்களுக்கு 100 எண்டு கண்டா மெதுவா ஓடுறம் எண்டு நினைப்பு வரும், ஆனா அது 160. ஹொண்டா என்எஸ்எக்ஸைத் தேடி ஹொண்டா கடைக்குப் போனா இராது, அகுரா எண்டு தனிக்கடை. பாட்டு ரொப் சொம்பி, ஃபூ ஃபைட்டர்ஸ், கார்பேஜ் எண்டு கூடுதலா ரொக். எனக்கு அது அவ்வளவு பிடிக்காது, அது என்ட ருசி.

லண்டன் டிஸ்க்கைப் பற்றி பெரிசா சொல்ல ஒண்டும் இல்லை, அதுதான் அதுட பலமும். பிந்தி வந்ததால அந்த 98.2 வில்லங்கம் இல்லை, 100 வரைக்கும் போகலாம். எங்கட டிவிக்கு நேரடியாப் பொருந்தும். பாட்டு வேற, ஸ்டீரியோஃபொனிக்ஸ், ஃபட்பாய் ஸ்லிம் மாதிரி பிரிட்டிஷ் ஆக்கள் கூட. பிளாட்டினம் எண்டு வெள்ளி நிறப் பட்டி போட்ட பெட்டி லண்டன் பக்கம் பழைய சாமான் கடைகளில கிடக்கும், சித்திக்கு அலைச்சல் இல்லை. 25 படம் எண்டுற ஒண்டைத் தவிர குறை சொல்ல எனக்கு வாய் வரேல்லை.

ஆனா என்னை ஒரு டிஸ்க் மட்டும் வைச்சிரு எண்டா நான் ஜப்பான் டிஸ்க்கைத்தான் வைச்சிருப்பன். ஏன் எண்டு கொஞ்சம் விரிவாச் சொல்லோணும்.

எங்கட ரோட்டில ஓடுற கார் எல்லாம் எங்க இருந்து வந்தது? ஜப்பான்ல யாரோ ஓடிட்டு வித்த ரீகண்டிஷன். என்சி ரோட்டில ஒரு பத்து நிமிசம் நிண்டு பாருங்கோ, விட்ஸ், டெமியோ, மார்ச், லான்சர், சிவிக், கொரோலா. லண்டன்காரனுக்கு விட்ஸ் எண்டா தெரியாது, அவனுக்கு அது யாரிஸ். மார்ச் எண்டா தெரியாது, மைக்ரா. லண்டன் டிஸ்க்ல நிசான் கடைக்குள்ள போய் மைக்ரா எண்டு கண்டா யாரோ வேற வீட்டுப் பிள்ளை மாதிரி இருக்கும். ஜப்பான் டிஸ்க்ல எங்கட அயலட்டைக் கார் அப்பிடியே தன்ட பேரோட நிக்கும். மிட்சுபிஷி ஜிடிஓவும் மேற்கு நாட்டு டிஸ்க்கில 3000ஜிடி எண்டு வேற பேர்ல நிக்கும், இதில ஜிடிஓவாவே இருக்கும்.

இன்னொண்டு, இந்தக் கேமில தொடங்கேக்க கையில காசு கொஞ்சம், புதுக் கார் எடுக்கக் காணாது, ஆகவே பாவிச்ச கார் பக்கம்தான் போகோணும், அந்தப் பாவிச்ச கார் விக்கிறது ஜப்பான் கொம்பனிகள்தான். நாள் போகப் போக அங்க நிக்கிற கார் மாறும், இண்டைக்கு நிண்ட வெள்ளை நிற சில்வியா நாளைக்கு இராது, காசு சேரும்வரைக்கும் நெஞ்சு அடிச்சுக்கொண்டிருக்கும். 2020ல வாகன இறக்குமதியை நிப்பாட்டின பிறகு பழைய விட்ஸுக்கு எங்கட ஆக்கள் குடுத்த விலையையும், விடியக்காலமே விளம்பரம் பாத்து போன் அடிச்சதையும் கண்டவனுக்கு இந்தப் பகுதி கேம் மாதிரியே இராது. ஓல்டோ வேர்க்ஸ் மாதிரி சின்னக் காருக்கெண்டே ரேஸ் இருக்கு, மழை நாள் கிண்ணியாப் பக்கம் ஓல்டோ ஓடினவனுக்கு அதில ஒரு தனிச் சந்தோசம். அதே சுசுகியிட எஸ்கூடோ பைக்ஸ் பீக் எண்டு ஒரு பூதமும் இருக்கு, அதை எடுத்தா பிறகு ரேஸே இல்லை, எல்லாரும் பின்னுக்கு. நான் அதை எடுக்கிறதை களவு எண்டுதான் சொல்லுவன், தம்பி ஒத்துக்கொள்ள மாட்டான்.

பாட்டும் ஜப்பான்ல வேற. தொடக்க வீடியோவுக்கு மசாஹிரோ அண்டோட "மூன் ஓவர் த காசில்", கிட்டார் எழும்பேக்க மயிர் கூச்செறியும். மேற்கு டிஸ்க்கில அந்த இடத்தில த கார்டிகன்ஸ் பாட்டு. அதுவும் நல்ல பாட்டுத்தான், ஆனா இந்தக் கேமிட முகம் அது இல்லை. வேகம் கிலோமீற்றர்ல. படம் 30.

கரைச்சல் எண்டா பாசை. தலைப்புகள் கொஞ்சம் இங்கிலீஷ்ல இருக்கும், கார் பற்றின விளக்கம், லைசன்ஸ் டெஸ்ட்ல என்ன செய்யோணும் எண்ட அறிவுறுத்தல், பாட்ஸ் விளக்கம் எல்லாம் ஜப்பான் எழுத்து. பட்டனும் மாறி இருக்கும், ஜப்பான் கேம்ல வட்டம்தான் "ஓம்", பெருக்கல் "வேண்டாம்". முதல் நாள் காரை வாங்கப் போய் வெளிய வந்து நிப்பீங்கள். ஆனா ரேஸ் கேம்தானே, கதை வாசிக்க ஒண்டும் இல்லை, எந்தப் பெட்டி எங்க இருக்கு எண்டு கை பழகியிடும், போன்ல கமராவைக் காட்டினா மொழிபெயர்த்தும் தரும். கியர் விகிதம், சஸ்பென்ஷன் எல்லாம் நோண்டுற ஆள் எண்டா மட்டும் கொஞ்சம் யோசியுங்கோ, அங்க ஒரு சொல் விளங்காட்டி காரே திரும்பாது.

ஒரு எச்சரிக்கை, ஜப்பான் கூட்டாளி "டிஸ்க் எதுக்கு, மெசினையும் சேத்தே அனுப்புறன்" எண்டா சந்தோசப்பட முதல் பவரைப் பாருங்கோ. அது 100 வோல்ட். எங்கட சுவர்ல 230. தட்டைப் பின்னுக்கு அடப்டர் போட்டு நேர குத்தினா ஒரு மணம் வரும், அவ்வளவுதான். இறக்கிற ட்ரான்ஸ்போமர் கட்டாயம், அதுவும் கனடா மெசினுக்கு உள்ளது இதுக்கு சரிவராது, அது 120. ஜப்பான் பாவிச்ச சாமான் கடைகளில 100க்கு இறக்கிற பெட்டி கேட்டா எடுக்கலாம், ரைஸ் குக்கருக்கெண்டு வாங்குற அதே பெட்டிதான்.

மெமரி காட்டைப் பற்றியும் ஒரு வரி. கனடா மாமாட மகன் தன்ட காட்டில நிறைய கார் வைச்சிருக்கிறான், அதைக் கொண்டுவந்து லண்டன் டிஸ்க்கில ஓடலாம் எண்டு தம்பி கனவு காணுறான். ஏலாது. ஒவ்வொரு நாட்டு டிஸ்க்கும் தன்ட கோட் நம்பரோட உள்ள சேவ் ஃபைலை மட்டும்தான் கண்டுபிடிக்கும். அமெரிக்க டிஸ்க் எஸ்சியுஎஸ், ஐரோப்பா எஸ்சிஇஎஸ், ஜப்பான் எஸ்சிபிஎஸ் எண்டு தொடங்கும், டிஸ்க்கிட முகத்திலயே போட்டிருக்கும், வாங்கேக்க படம் எடுத்து அனுப்பச் சொன்னா ஏமாற மாட்டியள். ஆர்கேட்டும் மற்றதும் ரெண்டும் ஒரே நாடா எண்டும் பாருங்கோ, தனித்தனியாச் சேர்த்து ஒரே பெட்டிக்குள்ள போட்டு விக்கிறவையும் இருக்கினம்.

பிஎஸ் 2, பிஎஸ் 3 வைச்சு இந்த டிஸ்க்கை ஓடலாம் எண்டு நினைக்கிறவைக்கு, ஓடலாம், ஆனா அங்கயும் பழைய டிஸ்க்குக்கு நாட்டுப் பூட்டு இருக்கு. பிஎஸ் 3 கேமுக்கு பூட்டு இல்லை எண்டுறதை வைச்சு பிஎஸ் 1 டிஸ்க்குக்கும் இல்லை எண்டு நினைக்க வேண்டாம். கொம்பியூட்டர் இருக்கிறவைக்கு இந்தத் தலையிடி ஒண்டும் இல்லை, டக்ஸ்டேஷன் எண்டு பிளேஸ்டேஷன் கேமைக் கொம்பியூட்டர்ல ஓட்டுற சொஃப்ட்வெயார்ல பால் டிஸ்க்கையும் என்டிஎஸ்சி வேகத்தில ஓட விடுற செட்டிங் இருக்கு, அதோட கிரான் டூரிஸ்மோ 2 பிளஸ் எண்டு ரசிகர்கள் செய்தது ஒண்டு இருக்கு, நாட்டுக்கு நாடு பிரிஞ்சு கிடந்ததைச் சேர்த்து பிழைகளையும் திருத்தி வைச்சிருக்கு. கரண்ட் போனா லப்டொப் நிக்காது எண்டுறதும் ஒரு லாபம்தான். ரோம் சர்க்கிட்டில ரெண்டு மணித்தியால ரேஸ் ஒண்டு இருக்கு, நடுவில சேவ் பண்ண ஏலாது, 2022ல கரண்ட் கட் நேர அட்டவணையைப் பாத்துத்தான் அதைத் தொடங்கோணும் எண்ட நிலமை இருந்தது.

ஆக தம்பிக்கு என்ன சொன்னன்? எனக்குப் பிடிச்சது ஜப்பான் டிஸ்க், அவன் எடுக்கவேண்டியது லண்டன் டிஸ்க். அவன்ட மெசின் திறக்காதது, டிவி சாதாரண எல்ஈடி, அவன் தங்கம் தங்கமா எடுத்து போட்டி போடுற ஆளும் இல்லை, இரவில அரை மணித்தியாலம் ஓடிட்டுப் படுக்கிற ஆள். அவனுக்காக மெசினை உடைச்சு சிப் அடிக்கிறது தேவையில்லாத வேலை. கனடா டிஸ்க், சிப் அடிச்ச மெசினும் மல்டி சிஸ்டம் டிவியும் வைச்சிருந்து ஜப்பான் எழுத்தைக் கண்டா எரிச்சல் படுறவைக்கு, அதுவும் பச்சைக் கோடு போட்டது மட்டும். சிப் உள்ள மெசின் இருந்து பாசை பரவாயில்லை எண்டா யோசிக்காம ஜப்பான்.

சித்திக்கு மெசேஜ் போட்டாச்சு, பிளாட்டினம் பெட்டி, ரெண்டு டிஸ்க்கும் எஸ்சிஇஎஸ், கீழ்ப் பக்கம் கீறல் தெரியிற மாதிரி வெளிச்சத்தில பிடிச்சு படம். கூட ஒரு மெமரி காட்டும் கேட்டிருக்கு, இங்க உப்புக் காத்தில தம்பிட பழைய காட்டிட பல்லெல்லாம் பச்சை பிடிச்சுப் போச்சு, அழி ரப்பரால தேய்ச்சுப் பாத்தும் சரிவரேல்லை.